அனுமதி கேட்காத ஒன்பது நிமிடம்

நான் நாட்குறிப்பு எழுத ஆரம்பித்ததற்குக் காரணம் ஒரு மெமோ. அம்பத்தூர் எஸ்டேட்டில் போல்ட், நட்டு, வாஷர் செய்யும் ஒரு கம்பெனியின் ஸ்டோர்ஸ் பிரிவில் சேர்ந்த புதிது. சரியான நேரத்துக்குப் போன ஒரு நாளில் தாமதமாக வந்ததாகப் பதிவேட்டில் போட்டுவிட்டார்கள். மறுத்துச் சொல்ல என்னிடம் ஆதாரம் எதுவும் இல்லை. அன்று சாயங்காலமே ஆவடி மார்க்கெட்டில் இறங்கி ஒரு டைரி வாங்கினேன். வீட்டை விட்டு இறங்கிய நேரம், பிளாட்பாரத்தில் ஏறிய நேரம், ரயில் வந்த நேரம், கம்பெனி வாசலில் நுழைந்த நேரம். இந்த நான்கும் கட்டாயம். இடம் இருந்தால் மழை, வெயில், வழியில் யாரைப் பார்த்தேன், என்ன பேசினேன். வருடத்துக்கு ஒன்றாக இருபத்துமூன்று டைரிகள் சேர்ந்த பிறகுதான் அவை எதற்காக எழுதப்பட்டன என்று எனக்கே தெரிந்தது.

எங்கள் காலனிக்கும் நெமிலிச்சேரி ஸ்டேஷனுக்கும் நடுவில் ஒரு நிலம் உண்டு. முன்பு நெல் விளைந்தது. பிறகு வெறுமனே கிடந்தது. அதன் குறுக்கே ஓடிய வரப்புதான் நடைபாதை. இரண்டு பேர் பக்கத்தில் பக்கத்தில் போகலாம், மூன்றாவது ஆள் புல்லில் கால் வைக்க வேண்டும். என் வீட்டுப் படியிலிருந்து பிளாட்பாரம் வரை ஒன்பது நிமிடம். செருப்பு அறுந்த ஒரு நாளில் மட்டும் பதினான்கு.

ஏழு பன்னிரண்டு லோக்கலுக்கு அந்தப் பாதையில் போகிறவர்கள் எல்லோருடைய முகமும் எனக்குத் தெரியும். அவர்களில் ஒரு பெண், கறுப்புக் கோட்டை மஞ்சள் பையில் மடித்து வைத்துக்கொண்டு வருவார். பாதையின் புழுதி கோட்டில் படக்கூடாது என்பதற்காக. அவருடைய பெற்றோர் அந்த நிலத்தில் கூலி வேலை செய்தவர்கள். அதே வரப்பில் நடந்து, அதே ரயிலில் ஏறி, சட்டக் கல்லூரிக்குப் போய் வக்கீலானவர். ஆவடியில் இறங்கி பஸ் பிடித்து பூந்தமல்லி கோர்ட்டுக்குப் போவார். என்னைவிட எட்டு வயது சின்னவர். என்னை "அண்ணே" என்பார். நான் "வக்கீலம்மா" என்பேன். காலனி முழுக்க அப்படித்தான்.

வீட்டின் முன்னறைதான் அவருடைய ஆபீஸ். ஆறு பிளாஸ்டிக் நாற்காலிகள், ஒரு மேஜை. ரேஷன் கார்டு, பட்டா, விபத்து நஷ்டஈடு, புருஷன் பெண்டாட்டி சண்டை என்று எல்லாம் அங்கேதான் வரும். எதுவானாலும் முதலில் ஒரு மனு எழுதச் சொல்வார். வந்தவருக்கு எழுதத் தெரியாவிட்டால் தானே எழுதி, இரண்டு முறை படித்துக் காட்டி, பிறகுதான் கையெழுத்தோ கைநாட்டோ வாங்குவார். ஒரு இடத்தைப் பற்றிய வழக்கு என்றால் அந்த இடத்தை நடந்து பார்க்காமல் எடுக்க மாட்டார். இந்த இரண்டு பழக்கமும் வக்கீலாக அவருக்குப் பேர் வாங்கித் தந்தன. அரசியலில் அவையே அவரைத் தோற்கடித்தன.

முதல் தடவை கவுன்சிலர் தேர்தலுக்கு நின்றபோது ஒரு கட்சியின் சின்னம் இருந்தது. தெருமுனையில் மைக் பிடித்து, குடிநீர் இணைப்புக்கு எந்த விதியின் கீழ் எப்படி விண்ணப்பிக்க வேண்டும் என்று இருபது நிமிடம் பேசினார். டீக்கடைக்காரர் கடையிலிருந்தே குரல் கொடுத்தார்:

"இன்னாம்மா, ஓட்டு கேக்குறியா, கேஸ் போடறியா?"

"ரெண்டும்தான் அண்ணாத்தே. ஓட்டு போடலைன்னா கேஸ் போடுவேன்."

கூட்டம் சிரித்தது. ஓட்டு மட்டும் விழவில்லை. அடுத்த தேர்தலில் கட்சி சீட்டு தரவில்லை. சுயேச்சையாக நின்றார். அப்போது ஒரே ஒரு தெருவின் ஓட்டு விழாததால் தோற்றார். ஓட்டு எண்ணிக்கைக்கு மறுநாள் காலை அவர் வரமாட்டார் என்று நினைத்தேன். ஏழு மணிக்கு மஞ்சள் பையோடு எனக்கு முன்னால் நடந்துகொண்டிருந்தார்.

"இன்னைக்குமா?" என்றேன்.

"தேர்தல்ல தோத்தவங்களுக்கு கோர்ட்டு லீவு விடாதுண்ணே."

இது அன்றைய டைரியில் அப்படியே இருக்கிறது.

அதற்குப் பிறகு வந்த ஒரு பொங்கலுக்குத்தான் சுவர் எழும்பியது. நிலக்காரர் காலமாகி, அவர் பிள்ளைகள் நிலத்தை விற்றிருந்தார்கள். வாங்கியவர் மனை போட்டு விற்பவர். தொடர்ந்து நான்கு நாள் விடுமுறை, ரயிலுக்குப் போக ஆளில்லை. ஐந்தாம் நாள் காலை நாங்கள் டிபன் பையும் தண்ணீர் பாட்டிலுமாகப் போனபோது, பாதையின் குறுக்கே ஏழடி உயரத்தில் ஹாலோ பிளாக் சுவர் நின்றது. சிமென்ட் ஈரம்கூடக் காயவில்லை. நாற்பது, ஐம்பது பேர் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்கிறோம். அந்தப் பக்கம் ஏழு பன்னிரண்டு வந்து, நின்று, கிளம்புகிற சத்தம் கேட்டது.

மெயின் ரோடு வழியாகச் சுற்றினால் இருபத்தாறு நிமிடம். போக வர ஒரு நாளைக்கு முப்பத்துநான்கு நிமிடம் கூடுதல். எனக்கு அது தூக்கத்தில் குறைந்தது. மூன்று வீட்டில் பாத்திரம் தேய்த்துவிட்டு ரயிலுக்கு ஓடுகிற பெண்களுக்கு ஒரு வீட்டு வேலையே போயிற்று.

வக்கீலம்மா அன்று சாயங்காலம் சுவரோரமாக ஒரு முறை நடந்தார். பிறகு காலனியின் பிள்ளையார் கோயில் எதிரே எல்லோரையும் கூட்டினார்.

"இருபது வருஷத்துக்கு மேல, யார்கிட்டயும் கேக்காம, ஒளிஞ்சு மறைஞ்சு இல்லாம, விடாம நடந்திருந்தா அந்த வழி நம்ம உரிமை. சட்டம் அப்படித்தான் சொல்லுது. ஆனா நிரூபிக்கணும். நான் கேஸ் போடறேன். இன்னொண்ணும் சொல்றேன். இந்தச் சுவர் விழலைன்னா, இனி உங்ககிட்ட ஓட்டு கேட்டு வரமாட்டேன்."

அப்படிச் சொல்லச் சொல்லி யாரும் அவரைக் கேட்கவில்லை. பக்கத்தில் நின்ற அவருடைய அம்மா தலையில் கை வைத்துக்கொண்டார்.

வழக்கு ஆரம்பித்து ஒரு வருடம் ஆனபோது சுவர் கட்டியவர் தரப்பிலிருந்து சமரசம் பேச ஆள் வந்தது. சுவரில் ஒரு கதவு வைப்பார்கள். காலை ஆறிலிருந்து ஒன்பது, மாலை ஐந்திலிருந்து எட்டு திறந்திருக்கும். வழக்கை வாபஸ் வாங்க வேண்டும். அதே வாரம் பெரிய கட்சி ஒன்றின் ஆட்கள் இருவர் வக்கீலம்மா வீட்டுக்கு வந்து, வழக்கு சுமுகமாக முடிந்தால் அடுத்த தேர்தலில் சீட்டு உறுதி என்று சொல்லிவிட்டுப் போனார்கள். சொன்னதை அவர் மறைக்கவில்லை. காலனிக் கூட்டத்தில் அப்படியே சொன்னார்.

காலனியில் பாதிப் பேருக்கு மேல் கதவுக்குச் சம்மதம். நானும் அந்தப் பக்கம்தான் கை தூக்கினேன். ஒன்பது நிமிடம் திரும்பக் கிடைக்கிறதே என்பதுதான் என் கணக்கு. ஆட்டோ ஓட்டுகிறவர் ஒருவர் எல்லோர் சார்பிலும் கேட்டார்:

"கதவு தொறந்துகினு கீதுன்னா நமக்கு போதும்மா. உனக்கும் சீட்டு கெடைக்குது. இன்னா கஷ்டம் இதுல?"

"ஒன்பதரைக்கு உங்க பொண்ணுக்கு வலி எடுத்தா?" என்று கேட்டார் வக்கீலம்மா. "பூட்டின கதவு முன்னாடி நின்னு யாரைக் கூப்பிடுவீங்க? கதவை வாங்கிக்கிட்டா, அவர் தொறந்தா போறோம், மூடினா நிக்கிறோம். அப்போ அது அவர் குடுத்தது ஆயிடும். இப்ப அது நம்மளுது."

ஆட்டோக்காரர் கையை இறக்கினார். அவர் மகள் அப்போது எட்டு மாதக் கர்ப்பம். ஒவ்வொரு கையாக இறங்கியது. கடைசிக்கு முந்தியது என்னுடையது.

கூட்டம் முடிந்ததும் நான் அவரிடம் போய் என் டைரிகளைப் பற்றிச் சொன்னேன். அதுவரை அவருக்குத் தெரியாது. அவர் நின்ற இடத்திலேயே நின்று என்னைப் பார்த்தார்.

"இருபத்துமூணு வருஷமா? தினமுமா?"

"லீவு நாள் தவிர."

"அண்ணே, ஒரு வருஷமா இதைச் சொல்லாம எங்க போனீங்க?"

யாரும் கேட்கவில்லை என்றேன். அது உண்மை.

கொடுப்பதற்கு முன் ஒரு முறை படித்துப் பார்ப்போம் என்று வரிசையாக எடுத்து உட்கார்ந்தேன். இரண்டாவது டைரியில் அந்த வரி இருந்தது. "பாதை. நிலக்காரரிடம் அனுமதி கேட்டேன். கொடுத்தார்." அவ்வளவுதான். யாரிடமும் கேட்காமல் நடந்தால்தான் உரிமை என்று வக்கீலம்மா சொன்னது காதில் நின்றது. கேட்டிருக்கிறேன், என் கையாலேயே எழுதியும் வைத்திருக்கிறேன்.

யோசித்ததில் ஞாபகம் வந்தது. எனக்குக் கல்யாணமான புதிது. மனைவி வீட்டுச் சீராக பீரோவும் கட்டிலும் டெம்போவில் வந்தன. குழாய் போடுவதற்காக எங்கள் தெருமுனையைத் தோண்டிப் போட்டிருந்தார்கள். ஸ்டேஷன் பக்கமிருந்து நிலத்தின் வழியாகத்தான் வண்டியைக் கொண்டுவர முடியும். அதற்குத்தான் அனுமதி கேட்டேன். அன்று வீடு நிறைய விருந்தாளிகள். இத்தனை வருடத்தில் நான் சுருக்கி எழுதிய மிகச் சில நாட்களில் அது ஒன்று.

மனைவியிடம் சொன்னேன். "அந்த ஒரு டைரியைக் குடுக்காதீங்க" என்றாள். "கரையான் அரிச்சிடுச்சுன்னு சொல்லுங்க." என் ஸ்டோர்ஸில் கரையான் அரித்த பதிவேடு ஒன்றுகூடக் கிடையாது. இருபத்துமூன்றையும் இரண்டு சாக்குப் பையில் கட்டி எடுத்துக்கொண்டு போய், அந்தப் பக்கத்தில் ஒரு துண்டுக் காகிதம் சொருகி வக்கீலம்மாவிடம் காட்டினேன். டெம்போ கதையையும் சொன்னேன்.

அவர் இரண்டு முறை படித்தார். "நீங்க இப்ப சொல்றது போதாதுண்ணே. எழுத்துல இருக்கணும்" என்றார்.

"எழுதலையே. இந்த டைரியை விட்டுட்டுக் கொடுக்கலாமா?"

"அப்படிக் குடுத்தா மத்த இருபத்திரண்டும் பொய்யாயிடும். எல்லாத்தையும் வச்சிட்டுப் போங்க."

அதற்குப் பிறகு ஏழு வாரம் அவர் அதைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. காலையில் ரயிலில் அவர் மடியில் என் டைரி ஒன்று இருக்கும். ஆவடி வரும்வரை படித்துக்கொண்டே வருவார்.

நான் சாட்சி சொன்ன நாளில், பூந்தமல்லி டிரங்க் ரோட்டில் மெட்ரோ வேலைக்காகப் பாதி ரோட்டை அடைத்திருந்தார்கள். பஸ் ஊர்ந்தது. இருந்தும் பத்து நாற்பதுக்கு உள்ளே போய்விட்டோம். பதினொன்று ஐம்பதுக்குக் கூண்டில் ஏறினேன். எதிர்த்தரப்பு வக்கீல் நகரத்திலிருந்து வந்தவர், மூத்தவர், மரியாதையான குரல். தாக்கல் செய்த டைரிகளின் நகல் முன்பே அவருக்குப் போயிருந்தது.

"நீங்கள் துல்லியமாக எழுதுகிறவர், இல்லையா?"

"ஆமாம்."

"நடந்ததை நடந்தபடி, அன்றன்றைக்கே எழுதுகிறவர்?"

"ஆமாம்."

"ஆக, இந்த டைரிகளில் இருப்பதெல்லாம் உண்மை."

"உண்மை."

"நல்லது. இந்தப் பக்கத்தைக் கொஞ்சம் சத்தமாகப் படியுங்கள்."

படித்தேன். அனுமதி கேட்டேன். கொடுத்தார். பின்னால் பெஞ்சில் எங்கள் காலனிக்காரர்கள் பன்னிரண்டு பேர் உட்கார்ந்திருந்தார்கள்.

"அனுமதி வாங்கித்தான் நடந்திருக்கிறீர்கள்."

"அது டெம்போவுக்காகக் கேட்டது."

"டெம்போ என்ற சொல் இந்தப் பக்கத்தில் எங்கே இருக்கிறது?"

"இல்லை."

"நன்றி" என்று சொல்லி உட்கார்ந்துவிட்டார். இத்தனை வருடம் எழுதி, ஒரு வரியால் காலனியின் வழியையே அடைத்துவிட்டேன் என்று நினைத்தேன். வக்கீலம்மாவின் அரசியலும் இன்றோடு சரி.

அவர் எழுந்தார். கையில் அதே இரண்டாவது டைரி. அதில் என் காகிதத் துண்டுக்குச் சில பக்கம் தள்ளி இன்னொரு துண்டு இருந்ததை அப்போதுதான் பார்த்தேன்.

"அந்த நாளுக்கு ஒன்பது நாள் கழித்து எழுதியதைப் படியுங்கள்."

படித்தேன். "ஸ்டேஷன் வாசலில் நிலக்காரரைப் பார்த்தேன். டெம்போ விட்டதற்கு நன்றி சொன்னேன். 'வண்டி ஏறுனா வரப்பு ஒடஞ்சிடும், அதான் வண்டிக்கு ஒரு வார்த்தை கேக்கணும்ன்றது. நடக்கிறதுக்கு இன்னாத்துக்குக் கேக்கணும்? எங்க நைனா காலத்துலேர்ந்து ஜனங்க நடக்கிற வழி' என்றார். ரயில் நான்கு நிமிடம் தாமதம்."

எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, இறந்துபோனவர் சொன்னதாகச் சாட்சியே எழுதிக்கொண்டதை எப்படி நம்புவது என்று ஆட்சேபம் சொன்னார். வக்கீலம்மா நீதிபதியைப் பார்த்துச் சொன்னார்: "இந்த டைரி துல்லியமானது, அன்றன்றைக்கே எழுதியது, இதில் உள்ளதெல்லாம் உண்மை என்று இந்தக் கூண்டில் உறுதி வாங்கியது நான் இல்லை. அவர்தான். ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை."

பெஞ்சிலிருந்து யாரோ "அப்படிப் போடு" என்று சொல்லிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார்கள். நீதிபதி அந்தப் பக்கத்தை வாங்கித் தானே படித்தார். கடைசி வரிக்கு வந்தபோது லேசாகச் சிரித்தார். "ரயில் தாமதத்தை எல்லாம் கூடவா எழுதுவீர்கள்?" என்றார்.

"அதற்காகத்தான் எழுத ஆரம்பித்தேன், ஐயா."

வெளியே வேப்பமரத்தடியில் எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். நான் வக்கீலம்மாவிடம் கேட்டேன், ஏன் முன்னாலேயே சொல்லவில்லை என்று.

"சாட்சிக்குச் சொல்லிக் குடுக்கிற பழக்கம் எனக்கில்லை. அதோட, சொல்லியிருந்தா உங்க மூஞ்சியே காட்டிக் குடுத்திருக்கும்ணே. அவர் அந்தப் பக்கத்தைத் தொட்டிருக்கவே மாட்டார். நீங்க பயந்த பக்கத்தோட நிறுத்திட்டீங்க. நான் அடுத்த பக்கமும் படிச்சேன்."

தீர்ப்பு வழக்கு போட்டதிலிருந்து இரண்டு வருடம் நான்கு மாதத்தில் வந்தது. வழி காலனிக்காரர்களின் உரிமை, சுவரை எடுக்க வேண்டும். மேல்முறையீடு செய்தார்கள். அதுவும் நிற்கவில்லை. கோர்ட் ஊழியர் முன்னிலையில் ஜேசிபி வந்து சுவரைத் தள்ளியபோது காலை ஒன்பது இருபது. நான் அன்று கம்பெனிக்கு அரை நாள் லீவு சொல்லியிருந்தேன், அதையும் டைரியில் எழுதினேன். புழுதி அடங்குவதற்குள் ஜனங்கள் உள்ளே நடந்துவிட்டார்கள். வக்கீலம்மாவின் அம்மா, கீழே விழுந்து கிடந்த கல்லைத் தாண்டிக்கொண்டே மகளிடம் சொன்னார்:

"சின்னப் பொண்ணா இருக்கசொல்லோ இந்த வரப்புல நடக்க மாட்டேன், கால் குத்துதுன்னு அழுவே. இப்ப இதுக்கே கேஸ் போட்டு ஜெயிச்சிட்டியா?"

வக்கீலம்மா வாய்விட்டுச் சிரித்ததை அன்றுதான் பார்த்தேன்.

அடுத்து வந்த கவுன்சிலர் தேர்தலில் மறுபடி சுயேச்சையாக நின்ற அவர் மைக் பிடிக்கவில்லை. சீட்டு தருவதாகச் சொன்னவர்கள் மறுபடி வந்தார்கள், டீ கொடுத்து அனுப்பினார். காலை ஆறரையிலிருந்து ஏழு பன்னிரண்டு வரை பாதையில் ஜனங்களோடு நடப்பார். சாயங்காலம் திரும்புகிறவர்களோடு நடப்பார். அவ்வளவுதான் பிரசாரம். டீக்கடைக்காரர் தன் கடைப் பலகையில் அவர் சின்னமான பானையைத் தானே வரைந்துகொண்டார். அது பானை மாதிரி இல்லை, சொம்பு மாதிரி இருந்தது. யாரும் குழம்பவில்லை. வார்டின் எல்லா வாக்குச்சாவடியிலும் அவரே முன்னணி. முன்பு அவரைத் தோற்கடித்த தெருவில்தான் வித்தியாசம் அதிகம்.

"இன்னாம்மா கவுன்சிலரு, இப்பயாவது கேஸ் போடறத நிறுத்துவியா?" என்றார் டீக்கடைக்காரர், அவருக்குச் சால்வை போட்டுக்கொண்டே.

"நாளைக்குப் பூந்தமல்லில ரெண்டு கேஸ் இருக்கு அண்ணாத்தே."

மறுநாள் ஏழு பன்னிரண்டில் அவர் வந்தார். சால்வைகள் வீட்டில், கோட்டு மஞ்சள் பையில்.

கவுன்சிலரான முதல் வருடத்திலேயே பாதைக்குச் சிமென்ட் தளமும் பதினோரு விளக்குக் கம்பங்களும் வந்தன. எண்ணிப் பார்த்தேன், பதினொன்று. திறப்பு விழா ஒரு திங்கட்கிழமை காலை ஏழு மணிக்கு என்று வைத்திருந்தார்கள். நான் ஆறு ஐம்பத்தெட்டுக்குப் படியிறங்கினேன். பாதையின் தொடக்கத்தில், பழைய சுவர் இருந்த அதே இடத்தில், யாரோ ஆர்வத்தில் இரண்டு கம்பு நட்டு சிவப்பு ரிப்பன் கட்டியிருந்தார்கள். ஒரு தட்டில் கத்தரிக்கோல். பெரியவர் ஒருவரின் கார் வருவதற்காகக் காத்திருந்தார்கள். ரயிலுக்குப் போகிற ஜனங்கள் ரிப்பனுக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு கடிகாரத்தைப் பார்த்தார்கள். பொங்கல் விடுமுறை முடிந்த காலையில் சுவர் முன்னால் நின்ற அதே நிற்பு.

வக்கீலம்மா வந்தார். பார்த்தார். கத்தரிக்கோலை எடுக்கவில்லை. ஒரு கம்பில் இருந்த முடிச்சைக் கையாலேயே அவிழ்த்து, ரிப்பனைச் சுருட்டித் தட்டில் வைத்தார்.

"வக்கீலம்மா, ஐயா வந்து வெட்டணுமே" என்று பதறினார் விழா ஏற்பாடு செய்தவர்.

"லைட்டுக்கு சுவிட்ச் இருக்கு, அதை ஐயா போடட்டும். பாதையை யாரும் தொறந்து வைக்க வேணாம். அதை மூட யாருக்கும் உரிமை இல்லைன்னு நான் கோர்ட்டுல சொல்லி ஜெயிச்சிருக்கேன்."

அதற்குள் பின்னால் இருந்து ஒரு பெண், "வழி வுடு நைனா, ட்ரெய்னு போயிடும்" என்று ஏற்பாட்டாளரை ஒதுக்கிக்கொண்டு நடந்தார். அவருக்குப் பின்னால் ஆட்டோக்காரரின் மகள், இடுப்பில் இரண்டரை வயசுக் குழந்தையோடு. அதற்குப் பின்னால் எல்லோரும். நானும்.

டைரியில் அன்று நான் எழுதியது: வீடு 6.58. பிளாட்பாரம் 7.09, ரிப்பனால் இரண்டு நிமிடம் தாமதம். ரயில் சரியான நேரம்.